உட்காரும் வேஷம்

“ஃபால் இன்” என்று மீசைக்கார இருதயம் ஒரு சத்தம் கொடுத்ததும், விசாலபுரி ராஜ்யத்தின் சேனை முழுவதும் வாயிலிருந்த வேப்பங்குச்சியைத் துப்பிவிட்டு வரிசையில் வந்து நிற்கிறது. சேனை என்றால் நாலு பேர்தான். அதிலும் ஒருவர் மேடை ஏறினால் மந்திரி, ஒருவர் திரை இழுப்பவர். ஆளுக்கொரு தகரக் கத்தி. இருதயம் ஒவ்வொன்றையும் வாங்கிக் கண்ணுக்கு நேரே பிடித்து நுனியிலிருந்து பிடி வரைக்கும் பார்க்கிறார். “இது கத்தியாலே? வெண்டைக்கா மாதிரி வளையுது. செங்கப்பொடி போட்டுத் தேச்சுட்டு வா. பஸ்ராவுல இதைக் காட்டியிருந்தா எதிரி சிரிச்சே செத்துருப்பான்” என்கிறார். “அதுவும் நல்லதுதானே அண்ணாச்சி” என்கிறார் மந்திரி. “லைன்ல நிக்கும்போது பேச்சு கெடையாது” என்று மந்திரியின் தொந்தியில் விரலால் ஒரு குத்து விழுகிறது. தொந்தி உள்ளே போகிறது, இருதயம் நகர்ந்ததும் வெளியே வருகிறது.

இந்த அணிவகுப்பைப் பார்க்கும் பாக்கியம் எனக்குக் கிடைத்ததற்கு என் சகலபாடிதான் காரணம். ராஜபாளையம் முழுக்க வீடுகள் இருக்க, அந்த மகானுபாவர் ராக்கப்பன் நாடக சபாவின் தகரக் கொட்டகைக்கு நேர் எதிரே போய் வாடகைக்கு அமர்ந்தார். நாடகம் என்றால் எனக்கு வேப்பங்காய். ஆனாலும் அந்த வீட்டுக்கு விருந்துக்குப் போகிறவன் காலையில் கண்ணைத் திறந்தால் முதலில் விழிப்பது இருதயத்தின் மீசையில்தான். என்ன செய்வது, பார்த்துப் பார்த்துப் பிடித்துப்போய்விட்டது.

வாசல்நிலை இடிக்கும் உயரம். தேன்மெழுகு போட்டு முறுக்கிய மீசை. காலில் பூட்ஸ். இந்தப் பூட்ஸைப் பற்றித் தனியே சொல்லவேண்டும். போன உலக யுத்தத்தில் பஸ்ராவுக்கு அனுப்பும்போது சர்க்கார் கொடுத்தது. அதற்குப் பிறகு எத்தனை முறை அடித்தோல் மாற்றினார் என்று அவருக்கே நினைவில்லை. இப்போது மேல்தோல் பஸ்ரா, அடித்தோல் ஸ்ரீவில்லிபுத்தூர். புராண காலத்துக் கதையாக இருந்தாலும் சரி, சமுத்திரத்துக்கு அடியில் நடக்கிற கதையாக இருந்தாலும் சரி, இருதயம் பூட்ஸோடுதான் வருவார். கழற்றச் சொன்னால், “காலு அதுக்குள்ள இருக்கப் பழகிட்டு சார், வெளியே எடுத்தா அது என்னை மதிக்காது” என்பார்.

நாடக நோட்டீஸில் அவர் பெயர் ‘பஸ்ரா புகழ் ஹவில்தார் இருதயம்’. பட்டாளத்தில் அவர் லான்ஸ் நாயக்கோடு நின்றுபோனவர். நோட்டீஸில் இடம் மிச்சம் இருந்ததால் முதலாளி ராக்கப்பன் பதவி உயர்வு கொடுத்துவிட்டார். பஸ்ராவில் என்ன வீரம் காட்டினீர் என்று நான் ஒருநாள் கேட்டேன். மனிதர் ஒளிக்கவில்லை. “எங்களை எங்கே சார் சண்டை போட விட்டான்? எங்களுது பயனியர் பட்டாளம். ரோடு போட்டோம். நாங்க போட்ட ரோட்டுல மத்தவன் சண்டைக்குப் போனான். அம்புட்டுத்தான்” என்றார். நல்ல ரோடு என்று மட்டும் இரண்டு முறை சொன்னார்.

பட்டாளத்திலிருந்து ஊருக்குத் திரும்பி, ஸ்ரீவில்லிபுத்தூரில் காக்கிச் சட்டையோடு வேலை தேடித் திரிந்தவரை, ராக்கப்பனின் தகப்பனார்தான் கொட்டகை வாசலில் டிக்கெட் கிழிக்க நிறுத்தினார். போலீஸ் என்று நினைத்து ஜனங்கள் தள்ளுமுள்ளு இல்லாமல் வந்தார்கள். ஒருநாள், வாயிற்காவலன் வேஷக்காரன் செட்டியார்பட்டிக் கல்யாணத்தில் மூக்குமுட்டச் சாப்பிட்டுவிட்டு எழுந்திருக்க முடியாமல் கிடந்தான். “வேஷம் எதுக்கு, இவனே வேஷந்தானே” என்று வாசலில் நின்ற இருதயத்தைக் காக்கியோடு மேடைக்குத் தள்ளிவிட்டார்கள். சொல்லவேண்டியது ஒரே வரி: மகாராஜா, தூதர் வந்திருக்கிறார். இருதயம் வந்தார், விறைத்தார், பூட்ஸ் காலை ஓங்கி மிதித்தார். மேடைப்பலகை உடைந்து கால் முழங்கால் வரை உள்ளே போய்விட்டது. முகத்தில் ஓர் அசைவு இல்லை. குழிக்குள் ஒரு காலும் வெளியே ஒரு காலுமாகத் தூதர் வந்த சேதியைச் சொன்னார். ஜனங்கள் ஒன்ஸ்மோர் கேட்டார்கள். கேட்டால் கொடுக்கவேண்டியதுதானே என்று மறு காலையும் ஓங்கினார். அன்றைக்கு நடிகரானவர்தான்.

அன்று முதல் இன்றுவரை அவருக்குக் கிடைத்தவையெல்லாம் நிற்கிற வேஷங்கள். வாயிற்காவலன், சிறைக்காவலன், கோட்டைக்காவலன், தோற்ற ராஜாவின் சேனாதிபதி. ஒரு சோலைக் காட்சியில் மரம் ஒன்று குறைந்ததென்று பச்சைத்துணியைச் சுற்றித் தென்னையாகவும் நிறுத்தியிருக்கிறார்கள். படுக்கிற வேஷம் என்றால் பிணம். அதிலும் குதிகால்கள் சேர்ந்திருக்கும், கட்டைவிரல் தொடையோரம் ஒட்டியிருக்கும். ஒரு தடவை திரை பாதியில் சிக்கிக்கொண்டபோது, வாளுக்கு இரையாகிக் கிடந்த சேனாதிபதி வாயைத் திறக்காமலே, “ரெண்டாவது முடிச்சை அவுறுலே” என்றது முன்வரிசை வரைக்கும் கேட்டது.

அவருடைய காவல் சாமானியமானதல்ல. ஒரு கதையில் ராஜா மாறுவேடம் பூண்டு நகர்சோதனைக்குப் போகிறார். போகும்போது காவலனிடம், “முத்திரை மோதிரம் காட்டாமல் எவர் வந்தாலும் உள்ளே விடாதே” என்று கட்டளை இடுகிறார். ராஜா வேஷம் வைகுண்டராஜ். நல்ல சாரீரம், மறதி மட்டும் கொஞ்சம் தூக்கல். சோதனை முடிந்து திரும்பியவர் மோதிரத்தை வேஷப்பெட்டியிலேயே விட்டுவிட்டு வந்துவிட்டார். இருதயம் ஈட்டியைக் குறுக்கே வைத்தார்.

“கட்டளை இட்டதே நாம்தானே, காவலா” என்றார் ராஜா.

“ஆமா மகாராஜா. நல்ல ஆர்டர்” என்றார் இருதயம். ஈட்டி நகரவில்லை.

வைகுண்டராஜ் கெஞ்சிப் பார்த்தார், மிரட்டிப் பார்த்தார், கடைசியில் உருக்கமாக ஒரு பாட்டே பாடினார். கொட்டகை அழுதது. இருதயமும் தாரைதாரையாக அழுதார், ஈட்டியை மட்டும் எடுக்கவில்லை. விதூஷகன் பால்சாமி மேடையில் தவழ்ந்துவந்து மோதிரத்தை ராஜாவின் கையில் திணித்த பிறகுதான் கதை மேலே நகர்ந்தது. இப்படிப்பட்ட மனிதரை ராக்கப்பன் ஏன் வைத்துக்கொண்டிருந்தார் என்றால், மறுநாள் ஜனங்கள் அந்த இடத்துக்காகவே வந்தார்கள்.

ஆனால் நின்று நின்று முழங்கால் இரண்டும் கெட்டுவிட்டன. வீடு ஸ்ரீவில்லிபுத்தூரில். மனைவி கிருபாபாய் வேப்பெண்ணெயைச் சுடவைத்துத் தேய்த்துவிடுவார், தேய்த்துக்கொண்டே பேசுவார். “முட்டு ரெண்டும் பூசணிக்கா மாதிரி வீங்கிக் கெடக்கு. கேட்டா டூட்டிங்காவ. வீட்டுக்கு வந்தா முக்காலியை அம்மிகிட்டப் போட்டுக் கால்மேல கால் போட்டு உக்காந்து, என்னை மந்திரின்னு கூப்பிடுதாவ. அவியளுக்கு ராசா வேசங் கட்டணுமாம்.” மந்திரி துவையல் அரைத்து முடிக்கும்வரை மகாராஜா முக்காலியில் பயிற்சி எடுப்பார். நானே ஒரு தடவை கண்டேன். என்னைக் கண்டதும் வெட்கப்பட்டு எழுந்துவிட்டார்.

“ஆசைதான் சார், பொய் சொல்லுவானேன்” என்றார். “இம்புட்டு வருசமா எம்புட்டோ ராசா பார்த்துட்டேன். அம்புட்டுப் பேரும் உக்காந்துருப்பான், நான் பக்கத்துல நிப்பேன். ஒரே ஒரு தடவை உக்காந்து நடிச்சிட்டாப் போதும். பொறவு தென்னைமரமா நிறுத்துனாக்கூடச் சரி.” நான் துவையல் வாசனையைப் புகழ்ந்துவிட்டு வந்தேன்.

இதற்கிடையில் இந்த இரண்டாவது உலகச் சண்டை வந்தது. மண்ணெண்ணெய்க்குக் கட்டுப்பாடு வந்தது. பெட்ரோமாக்ஸ் எரிக்க வழியில்லாமல் ராக்கப்பன் நாடகத்தைப் பகலுக்கு மாற்றிவிட்டார். மில் சங்கு ஊதி மதியச் சாப்பாடு முடிந்ததும் திரை ஏறும். பகல் நாடகம் பார்க்காதவர்கள் புண்ணியசாலிகள். தகர இடுக்கு வழியாக வெயில் நேரே ராஜகுமாரியின் முகத்தில் விழும். காலையில் மழித்த அவளுடைய தாடி மூன்றாம் காட்சியில் பச்சையாகத் தலைகாட்டும். அரிதாரம் வியர்வையில் கரைந்து ராட்சசன் கழுத்துக்குக் கீழே நம்மைப்போல ஆகிவிடுவான். மேடைக்கு அடியில் இந்த ஊர்த் தெலுங்கு ராஜுக்களில் யாரோ ஒருவர் வீட்டு வெள்ளை நாய் நிழலுக்குப் படுத்துக்கொண்டு, சோகக் கட்டங்களில் கொட்டாவி விடும்.

அந்த வெயில் இருதயத்தையும் காட்டிக்கொடுத்துவிட்டது. ராக்கப்பன் வெற்றிலை எச்சில் சிந்தாமல் அண்ணாந்து பேசுகிறவர். “ஹவில்தாரே, வெளக்கு வெளிச்சத்துல தெரியல. வெயில்ல உம்ம காலு ஆடுறது கடைசி பெஞ்சு வரைக்கும் தெரியுது. காவக்காரன் காலே ஆடுனா கோட்டை என்னத்துக்கு ஆகும்? இந்த நாடகத்தோட வீட்டுல போயி இரும்” என்றார். ஆகாயத்தைப் பார்த்துச் சொன்னதால் அவருக்குச் சுலபமாக இருந்தது.

மறுநாளே வைகுண்டராஜ் டாக்கிப் படத்தில் சேருகிறேன் என்று காலை ரயிலில் பட்டணம் போய்விட்டார். மதியம் ‘குமுதசேகரி அல்லது கோட்டை விட்ட கோமகன்’. ராஜா இல்லை. இருதயம் முதலாளியின் முன்னால் போய் விறைத்து நின்றார். “ராசா வேசத்தை எனக்குத் தாங்க மொதலாளி. அது உக்காருத வேசந்தானே. காலு ஆடாது.” பாட்டுக்கு என்ன செய்வீர் என்றதற்கு, பால்சாமி சிம்மாசனத்துக்குப் பின்னால் உட்கார்ந்து பாடுவான், நான் வாயை அசைக்கிறேன் என்று அதற்கும் ஏற்பாடு வைத்திருந்தார். ராக்கப்பனுக்கு வேறு ஆள் கிடையாது. “சரி, உக்காந்து காட்டும். இன்னிக்கு ஒழுங்கா உக்காந்துட்டா அந்த நாற்காலி உமக்குத்தான். சொதப்புனீர்னா பெட்டியைத் தூக்கிட்டுக் கெளம்பிரும்” என்றார்.

இருதயம் ஓடிவந்து சகலபாடி வீட்டுக் கதவைத் தட்டி என்னையும் அழைத்தார். கிருபாபாய்க்கும் ஆள் போயிற்று. பிறகு சேனையைக் கூட்டி உத்தரவுகள் பிறப்பித்தார். கடைசிக் காட்சியில் ராஜா விசாரணை முடிந்து கோபாவேசமாக எழுந்திருப்பார். உடனே மரணதண்டனை நிறைவேற்றும் கொலையாளி உள்ளே வந்து, தண்டனை பெற்ற குமுதசேகரியைப் பிடிக்கவேண்டும். கொலையாளி மலைச்சாமி புதிது, வசனம் கேட்டால் குழம்பிப்போவான். ஆகவே இருதயம் அவனுக்குப் பட்டாளத்து முறையில் பாடம் சொன்னார். “நீ எதையும் யோசிக்காதே. ராசா எந்திரிச்சாரா, உள்ளே வா, புடி. அதான் ஆர்டர். திருப்பிச் சொல்லு.” மலைச்சாமி திருப்பிச் சொன்னான்.

முதல் மூன்று காட்சிகள் அப்படி ஒரு சுகம். தங்கக் காகிதம் ஒட்டிய நாற்காலியில் இருதயம் பூட்ஸ் காலைப் பரப்பி உட்கார்ந்தார். உட்கார்ந்த உட்காருதலே ஒரு நடிப்பு. முதுகு சாயவில்லை, மீசை ஆடவில்லை. பால்சாமி பின்னாலிருந்து பாட, ராஜாவின் வாய் இரண்டு சொல் பிந்தியேனும் அசைந்தது. பெண்கள் பக்கத்தில் கிருபாபாய் அடுத்தவளிடம், “அவியதான்” என்று சொல்லிக்கொண்டே இருந்தார். எனக்கே பெருமையாக இருந்தது, ஏன் என்று கேட்காதீர்கள்.

நாலாம் காட்சி, அதுதான் கடைசி. சபாமண்டபம். விசாரணை தொடங்குகிற நேரத்தில் கொட்டகைக்குள் ஒரு சலசலப்பு. பென்ஷன் வாங்கிய பிறகும் பட்டாளத்துக்கு ஆள் சேர்க்க ஊருக்கு வந்திருந்த சுபேதார் இருளப்பசாமியை ராக்கப்பன்தான் கௌரவத்துக்காக அழைத்திருந்தார். தலைப்பாகை, மார்பு நிறையப் பதக்கங்கள், கையில் பிரம்பு. முன்வரிசையில் போட்டிருந்த தனி நாற்காலியில் வந்து அமர்ந்தார்.

சிம்மாசனம் காலியாயிற்று. ராஜா துள்ளி எழுந்து, குதிகாலைச் சேர்த்து, மேடை அதிர விறைத்து நின்றார். பஸ்ராவில் இருதயத்தின் கம்பெனி சுபேதார் இந்த இருளப்பசாமிதான் என்பது அந்த வினாடியில் கொட்டகையில் வேறு யாருக்கும் தெரியாது.

ராஜா எழுந்தாரா, மலைச்சாமி உள்ளே வந்தான், குமுதசேகரியைப் பிடித்தான். அவள்மேல் இன்னும் குற்றமே சாட்டவில்லை. “விசாரணை ஆகலையே” என்று கத்தினார் மந்திரி. மலைச்சாமி குழம்பி அவளை விட்டுவிட்டு வெளியே போனான். வாசலில் நின்று திரும்பிப் பார்த்தான். ராஜா நின்றுகொண்டிருந்தார். ஆர்டர் ஆர்டர்தான். மறுபடி வந்து பிடித்தான். குமுதசேகரி இந்தத் தடவை தன் சொந்த ஆண்குரலில், “எலே, கையை முறிக்காதலே” என்றாள்.

பால்சாமி நிலைமை தெரியாமல் சிம்மாசனத்துக்குப் பின்னால் பாடிக்கொண்டிருந்தான். ராஜா வாயை இறுக மூடி நிற்க, காலி நாற்காலி கணீரென்று பாடியது. பிறகு எட்டிப்பார்த்து விஷயம் புரிந்து, “மகா ஜனங்களே, சிம்மாசனத்தில் மூட்டைப்பூச்சி” என்று சமாளித்தான். ஜனங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டார்கள். “உக்காருங்கய்யா” என்று ஆண்கள் பக்கத்திலிருந்து சத்தம். “கூர்ச்சோவய்யா” என்று ராஜு வீட்டு அம்மாள் ஒருத்தி தெலுங்கில் அதட்டினாள். எந்தப் பாஷையிலும் ராஜா உட்காரவில்லை.

பக்கத் திரைக்குள்ளிருந்து ராக்கப்பனின் தலை நீண்டது. அண்ணாந்து பேச நேரமில்லாமல் எச்சிலைத் துப்பிவிட்டே பேசினார். “ஓய், உக்காரும். இல்லேன்னா இன்னியோட சரி.”

“சுபேதார் சாப் வந்துருக்காக மொதலாளி” என்றார் இருதயம், உதடு அசையாமல். “அவுக முன்னால எப்படி உக்காருவேன்.”

அவர் கன்னத்து அரிதாரத்தில் இரண்டு கோடுகள் இறங்கியிருந்தன. வியர்வை என்று மற்றவர்கள் நினைத்திருப்பார்கள். முழங்கால் ஆடத் தொடங்கியது, வெயிலில் நன்றாகவே தெரிந்தது. கிருபாபாய் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு எழுந்து நின்றுவிட்டார். நான் சிரிப்பதை எப்போது நிறுத்தினேன் என்று எனக்குத் தெரியவில்லை. இத்தனை வருஷம் காத்திருந்த நாற்காலி முழங்காலுக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டு நிற்கிறது. மனிதரால் மடங்க முடியவில்லை. போய் அந்தத் தோளைப் பிடித்து அழுத்தி உட்காரவைக்கலாமா என்றிருந்தது.

ராக்கப்பன் மேடையிலிருந்து குதித்து சுபேதாரிடம் ஓடினார். “நீங்க ஒரு வார்த்தை உக்காருன்னு சொல்லிட்டா, அந்த ஆளு உக்காந்துருவாரு” என்று கையைக் கட்டிக்கொண்டு கெஞ்சினார். சுபேதார் அவரைப் பிரம்பால் ஒதுக்கிவிட்டு, கண்ணை இடுக்கி மேடையைப் பார்த்தார்.

“யாருலே அது? இருதயமா?”

“ஆமா சாப்.”

“என்னலே கோலம் இது?”

“டூட்டி சாப்.”

“என்ன டூட்டி?”

“ராசா டூட்டி சாப்.”

சுபேதார் யோசித்தார். மலைச்சாமிகூடப் பிடித்த பிடியைத் தளர்த்திக்கொண்டு பார்த்தான்.

“ராசாவுக்கு நான் என்னலே ஆர்டர் போட?” என்றார் சுபேதார். “ராசா எனக்கு மேல.”

பிரம்பைக் கக்கத்தில் செருகினார். எழுந்தார். தலைப்பாகையைச் சரிசெய்துகொண்டு, குதிகால்களைச் சேர்த்து, பதக்கங்கள் குலுங்க ஒரு சல்யூட் அடித்தார். அடித்த கையை இறக்கவில்லை. மேலதிகாரி ஏற்றுக்கொள்ளும் வரை இறக்கக்கூடாதல்லவா, கையை நெற்றியோரம் வைத்தபடியே நின்றார்.

இருதயத்தின் வலதுகை தானாக நெற்றியை நோக்கிக் கிளம்பியது. பாதி வழியில் நின்றது. மெல்ல இறங்கி நாற்காலியின் கைப்பிடியைத் தேடிப் பிடித்தது. ராஜா உட்கார்ந்தார். பின்னால் சாய்ந்தார். பூட்ஸ் காலைத் தூக்கி மற்றக் காலின்மேல் போட்டார். பிறகு கண்ணாடி மோதிரங்கள் போட்ட கையிலிருந்து இரண்டு விரல்களை மட்டும் உயர்த்தி, அவசரமே இல்லாமல் கீழே அசைத்து, சுபேதாரை உட்காரச் சொன்னார்.